மூன்று நாள் கையில் இருந்தால் லேர்டால்ஸ்ஓய்ரியில் தங்குங்கள்

கேட்டவர் ஜூன் மாதம் வயதான அப்பா அம்மாவோடு நார்வே வருகிறார். பிரபல சுற்றுலா ஊரான ஃப்லோமில் சுற்றுலாக் கப்பல் வந்து நின்றால் நிற்க இடமிருக்காது என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். அதனால் அதே பகுதியில், ஆற்றங்கரையில், அமைதியான சின்ன ஊர் ஏதாவது உண்டா, அங்கே மூன்று நாள் தங்கினால் பார்ப்பதற்கு என்ன இருக்கிறது என்று கேட்டிருக்கிறார்.

இருக்கிறது. ஊரின் பெயர் லேர்டால்ஸ்ஓய்ரி. நான் பெர்கனில் குடியிருப்பவன். ஒஸ்லோவுக்குக் காரில் போகும்போதெல்லாம் இந்த ஊரைத் தொட்டுக்கொண்டுதான் போகிறேன். முதல் சில வருடங்கள் பெட்ரோல் போட்டு, காபி குடித்துவிட்டுக் கிளம்பிவிடுவேன். ஒருமுறை மலைச்சாலை பனியில் மூடிவிட, வேறு வழியில்லாமல் இரண்டு இரவு தங்க நேர்ந்தது. அதற்குப் பிறகு வேண்டுமென்றே தங்குகிறேன். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் இருப்பிடம். ஃபியோர்டு என்றால் செங்குத்தான மலைகளுக்கு நடுவே நாட்டுக்குள் நீளும் கடலின் கை. நார்வேயின் மிக நீளமான ஃபியோர்டு சோக்ன ஃபியோர்டு. கடலிலிருந்து 200 கிலோமீட்டருக்கு மேல் நாட்டுக்குள் புகுந்து வருகிறது, சில இடங்களில் 1,300 மீட்டர் ஆழம். அதன் உள்கோடியில் விரல் மாதிரி பிரியும் கிளைகளில் ஒன்று லேர்டால் ஃபியோர்டு. கிழக்கே ஃபிலே மலைத்தொடரில் பிறந்து நாற்பது கிலோமீட்டருக்குச் சற்று மேல் ஓடிவரும் லேர்டால் ஆறு அங்கே வந்து கலக்கிறது. 'ஓய்ரி' என்றால் ஆறு கொண்டுவந்து கொட்டும் மணலும் கூழாங்கல்லும் சேர்ந்து உருவான திட்டு. ஊர் உட்கார்ந்திருப்பதே அந்தத் திட்டின் மேல்தான். ஆயிரத்துச் சொச்சம் பேர் வசிக்கிறார்கள். இரண்டு பக்கமும் மலை செங்குத்தாக எழும்பி நிற்க, நடுவில் மட்டும் தட்டையான நிலம். வயதானவர்களோடு வருபவர்களுக்கு இது எவ்வளவு பெரிய வசதி என்பது மற்ற ஃபியோர்டு ஊர்களில் மூச்சு வாங்க ஏறி இறங்கியவர்களுக்குத் தெரியும்.

மழையைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். பெர்கனில் வருடத்துக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டுகிறது. லேர்டாலில் சுமார் 500 மில்லிமீட்டர்தான். மேற்கிலிருந்து வரும் மேகமெல்லாம் வழியில் உள்ள மலைகளிலேயே தண்ணீரை இறக்கிவிட்டு வந்து சேர்கிறது. நம் ஊரில் மேற்குத் தொடர்ச்சி மலைக்கு இந்தப் பக்கம் மழை மறைவுப் பகுதி என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அதே கதைதான். அதனால் இந்தப் பள்ளத்தாக்கின் விவசாயிகள் பழைய காலத்திலிருந்தே வாய்க்கால் வெட்டித் தண்ணீர் பாய்ச்சித்தான் பயிர் செய்தார்கள். நார்வேயில் பாசன வாய்க்காலா என்று எனக்கே முதலில் ஆச்சரியமாக இருந்தது. இன்று உருளைக்கிழங்கு, காய்கறி, செர்ரி, ராஸ்பெர்ரி எல்லாம் இங்கே விளைகின்றன. ஜூனில் வயல்களில் நீர்த்தெளிப்பான்கள் சுற்றிக்கொண்டே இருக்கும்.

இனி ஊருக்குள். பழைய லேர்டால்ஸ்ஓய்ரி என்ற பகுதியில் 18, 19ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்த சுமார் 160 மரவீடுகள் பாதுகாக்கப்பட்டு நிற்கின்றன. பெரும்பாலும் வெள்ளை, நடுநடுவே மங்கிய மஞ்சள், சிவப்பு. மாளிகைகளைத் தேடாதீர்கள். மலையிலிருந்து வல்ரெஸ், ஹாலிங்டால் பள்ளத்தாக்கு விவசாயிகள் மாடும் வெண்ணெயும் தோலும் கொண்டு இறங்கி வருவார்கள். கடற்கரைக்காரர்கள் படகில் மீனும் உப்பும் கொண்டு வருவார்கள். இரண்டு கூட்டமும் சந்தித்து மாற்றிக்கொண்ட சந்தைத் துறை இது. அதைச் சுற்றி வியாபாரிகள், செருப்புத் தைப்பவர்கள், தச்சர்கள், வண்டிக்காரர்கள் எல்லாரும் குடியேறினார்கள். அவர்களில் பலருக்கு வீடு மட்டும்தான் சொந்தம், வீடு நிற்கும் மண் வேறொருவருடையது. மனைவாடகை கொடுத்து வாழ்ந்தவர்கள். ஃபியோர்டுப் பக்கமுள்ள சின்ன வீடுகளின் வாசல் நம் தோள் உயரத்துக்குக் கொஞ்சம் மேல்தான் இருக்கும். ஒரு வாசற்படியில் மரம் நடுவில் மட்டும் பள்ளமாகத் தேய்ந்து, ஓரங்களில் பழைய உயரத்திலேயே நின்றதைப் பார்த்தேன். எத்தனை தலைமுறைக் கால்கள் என்று நினைத்துக்கொண்டே அங்கேயே நின்றுவிட்டேன். இவை அருங்காட்சியகம் இல்லை, உள்ளே ஆட்கள் குடியிருக்கிறார்கள். ஜன்னலில் எட்டிப் பார்க்காமல் நடந்தால் போதும்.

இந்த வீடுகள் இன்றைக்கு நிற்பதே பெரிய விஷயம். 2014 ஜனவரி 18, சனிக்கிழமை இரவு, ஊரில் ஒரு வீட்டில் தீப்பிடித்தது. குளிர்காலம்தானே, பனி மூடியிருக்கும், தீ எப்படிப் பரவும் என்று நமக்குத் தோன்றும். அன்று தரையில் பனி இல்லை. பள்ளத்தாக்கின் வழியாகப் பலத்த காற்று வேறு. கங்குகள் பறந்து தூரத்து வீடுகளின் கூரையில் விழுந்தன. விடிவதற்குள் சுமார் 40 கட்டடங்கள் சாம்பல். தொலைபேசிக் கட்டடமும் எரிந்துபோனதால் தகவல் தொடர்பு அறுந்தது. இருட்டில் ஊரையே காலி செய்தார்கள். புகையை இழுத்த இருநூற்றுக்கும் மேற்பட்டவர்களை மருத்துவமனைக்குக் கொண்டுபோய்ச் சோதித்தார்கள். ஒருவர்கூடச் சாகவில்லை. பாதுகாக்கப்பட்ட பழைய வீடுகளில் சில போயின, பெரும்பகுதி தப்பியது.

ஏன் இப்படி எரிந்தது என்பதைப் பின்னால் ஆராய்ந்தார்கள். குளிர்ந்த காற்றில் ஈரம் மிகக் குறைவு. அந்தக் காற்று வீட்டுக்குள் வந்து ஹீட்டரில் சூடாகும்போது இன்னும் வறண்டுவிடுகிறது. வாரக்கணக்கில் அப்படியே போனால் சுவர்ப் பலகை, தரை, மேசை நாற்காலி எல்லாம் உள்ளுக்குள் சுள்ளியாகக் காய்ந்துவிடும். ஒரு பொறி விழுந்தால் சில நிமிடத்தில் வீடு முழுக்கத் தீ. அதே ஜனவரியின் கடைசியில் ஃப்ளாடாங்கர் என்ற இடத்திலும் காற்றும் காய்ந்த புல்லும் சேர்ந்து அறுபதுக்கும் மேற்பட்ட கட்டடங்களை எரித்தன. மரவீடுகளுக்குக் குளிர்காலம்தான் நெருப்புக் காலம் என்பதை நார்வேக்காரர்களே அந்த மாதத்தில்தான் சரியாக உணர்ந்தார்கள் என்று சொல்லலாம். ஊருக்குள் நடக்கும்போது புதிய பாணி வீடுகள் ஒரே இடத்தில் சேர்ந்து நிற்பதைப் பார்த்தால், அங்கே ஏன் பழையது இல்லை என்று இனி உங்களுக்கே தெரியும்.

சரி, ஆற்றுக்கு வருவோம். என்னைக் கேட்டால் இந்த ஊரில் மற்ற எல்லாம் ஆற்றுக்கு அப்புறம்தான்.

லேர்டால் ஆற்றை நார்வேயில் 'சால்மன் ஆறுகளின் ராணி' என்பார்கள். இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். நம் மீன் சந்தையில் இந்தியன் சால்மன் என்று விற்பது காலா, அது வேறு மீன். இது அட்லாண்டிக் சால்மன். ஆற்றில் பிறந்து, சில வருடம் அங்கேயே வளர்ந்து, கடலுக்குப் போய்க் கொழுத்து, முட்டையிட அதே ஆற்றுக்குத் திரும்பி வருவது. 19ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்தே ஆங்கிலேயப் பிரபுக்கள் கோடைதோறும் கப்பலேறி வந்து இந்த ஆற்றில் தூண்டில் போட்டார்கள். உள்ளூர் ஆட்கள் கொக்கிக் கம்போடு கூடவே நின்று, தூண்டிலில் மாட்டிய பெரிய மீனைக் கரைக்கு இழுத்துக் கொடுப்பார்கள். பல குடும்பங்களுக்கு அது வருமானம். இயற்கையில் ஒரு பெரிய அருவிக்கு மேல் மீன் ஏற முடியாது. அருவிகளின் பக்கத்தில் படிப்படியாக மீன் ஏணி கட்டி, மேலும் பல கிலோமீட்டர் ஆற்றை மீனுக்குத் திறந்துவிட்டார்கள்.

1996இல் இந்த ஊரில் சால்மனுக்கென்றே ஓர் அருங்காட்சியகம் திறந்தார்கள். அதே 1996இல்தான் ஆற்றில் கைரோடாக்டைலஸ் சலாரிஸ் என்ற ஒட்டுண்ணி கண்டுபிடிக்கப்பட்டது. அரை மில்லிமீட்டர் புழு. குஞ்சு மீனின் தோலில் கொக்கி போட்டு ஒட்டிக்கொண்டு தின்னும். முட்டை போடாமல் குட்டி போடும், பிறக்கும் குட்டியின் வயிற்றுக்குள் அடுத்த குட்டி ஏற்கெனவே வளர்ந்துகொண்டிருக்கும். ஒன்று வந்தால் போதும், சில வாரங்களில் ஆயிரக்கணக்கில் பெருகிவிடும். பால்டிக் கடல் பக்கத்துச் சால்மன் இதோடு காலங்காலமாகப் பழகியது, சமாளித்துக்கொள்ளும். நார்வேயின் மேற்குக்கரைச் சால்மனுக்குத் தாங்கும் சக்தி இல்லை. 1970களில் வெளியிலிருந்து கொண்டுவந்த மீன்குஞ்சுகளோடு இது நாட்டுக்குள் நுழைந்து, சுமார் 50 ஆறுகளைப் பிடித்தது.

லேர்டாலில் என்ன செய்தார்கள் என்பதைக் கவனியுங்கள். முதலில் இந்த ஆற்றின் மீன் வம்சத்தைக் காப்பாற்ற, சுத்தம் செய்த முட்டைகளிலிருந்து மீன் வளர்த்து வேறிடத்தில் உயிரோடு வைத்தார்கள். 1997இல் ரோட்டினோன் என்ற மருந்தை ஆற்றில் விட்டார்கள். சில செடிகளின் வேரிலிருந்து எடுப்பது, மீனின் மூச்சை நிறுத்திவிடும். மீன் செத்தால் புழுவுக்கு இருக்க இடமில்லை என்பது கணக்கு. ஆனால் இரண்டு வருடத்தில் புழு திரும்பிவிட்டது. எங்கோ ஒரு சிற்றோடையில், ஊற்றுக்கண்ணில், மருந்து எட்டாத மூலையில் ஒன்றிரண்டு மீன் பிழைத்திருந்தாலே போதும். அடுத்த முறை வழியை மாற்றினார்கள். அமிலத்தோடு அலுமினியம் கலந்து மிகச் சரியான அளவில் விட்டால் புழு சாகும், மீன் சாகாது. அளவு கொஞ்சம் கூடினாலும் மீன் போய்விடும், குறைந்தால் புழு பிழைத்துவிடும். ஆறு முழுக்க, கிளை ஓடைகள் முழுக்க, நாள்கணக்கில் அந்த அளவைப் பிடித்துவைக்க வேண்டும். 2005, 2006இல் செய்தார்கள், மறுபடி புழு தென்பட்டது. 2011, 2012இல் மீண்டும் செய்தார்கள். ஐந்து வருடம் தொடர்ந்து குஞ்சு மீன்களைப் பிடித்துச் சோதித்து, 2017இல்தான் ஆறு சுத்தம் என்று அறிவித்தார்கள். கண்டுபிடித்ததிலிருந்து இருபத்தோரு வருடம்! இதற்குள் ஒரு குழந்தை பிறந்து படிப்பை முடித்திருக்கும். அத்தனை வருடமும் அந்த மக்கள் விடவில்லை என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் மனம் நெகிழ்கிறது.

அதோடு கவலை தீர்ந்துவிடவும் இல்லை. கடலுக்குப் போன மீன் திரும்பி வருவது நார்வே முழுக்கவே குறைந்துகொண்டிருக்கிறது. 2024 ஜூனில், பருவத்தின் நடுவிலேயே, 33 ஆறுகளில் சால்மன் பிடிப்பதை அரசு நிறுத்தியது. கடலில் கூண்டு வைத்து வளர்க்கும் சால்மனிலிருந்து பரவும் கடல் பேன், கூண்டிலிருந்து தப்பிப் போய் இயற்கை மீனோடு கலக்கும் வளர்ப்பு மீன், சூடாகும் கடல் என்று காரணங்கள் பல. ஆற்றின் ஓரம் நடக்கும்போது இதெல்லாம் மனதில் இருக்கட்டும். தண்ணீர் கண்ணாடி மாதிரி இருக்கும். ஒரு பாலத்தின் நடுவில் நின்று நிழல் விழும் பக்கமாகக் கீழே பாருங்கள். முதலில் கூழாங்கல் மட்டும்தான் தெரியும். கண் பழகியதும் அதில் ஒரு 'கல்' மெல்ல வாலை ஆட்டும்.

இரண்டாவது நாளைப் போர்குண்ட் கோயிலுக்கு வைத்துக்கொள்ளுங்கள். ஆற்றின் ஓரமாக மேல்நோக்கிச் சுமார் 30 கிலோமீட்டர் போக வேண்டும். நார்வேயில் மிச்சமிருக்கும் 28 இடைக்கால மரத்தேவாலயங்களில் அதிகம் மாற்றப்படாமல் நிற்பது இதுதான் என்பார்கள். 1180ஐ ஒட்டி வெட்டிய பைன் மரம். அடுக்கடுக்கான கூரை, மேல் கூரையின் முனைகளில் வாயைத் திறந்த டிராகன் தலை. இவ்வளவு காலம் எப்படி நின்றது? அதற்கு முன்னால் கட்டியவர்கள் தூண்களை மண்ணில் நட்டார்கள், அடி உளுத்து விழுந்தது. இதில் கல் அடித்தளத்தின் மேல் உத்தரம் கிடத்தி, அதன் மேல் தூண்களை நிறுத்தினார்கள். மண் ஈரம் மரத்தைத் தொடவே இல்லை. அப்புறம் பைன் மரத்திலிருந்து காய்ச்சி எடுத்த தாரை விடாமல் பூசி வருகிறார்கள். கிட்டே போய்ப் பாருங்கள். வடக்குச் சுவர் கரிக்கறுப்பு. வெயில் படும் தெற்குச் சுவரில் தார் உருகி வெளுத்து, மரம் செம்பழுப்பாகத் தெரியும். வெயில் நாளில் பத்தடி தூரத்திலேயே புகையும் பிசினும் கலந்த வாசம் வரும். உள்ளே இருட்டு, கண் பழக ஒரு நிமிடம் கொடுங்கள். தூண்களின் உச்சியில் செதுக்கிய முகங்கள் அப்புறம்தான் தெரியும். சுவரில் ரூன் என்ற பழைய வட ஐரோப்பிய எழுத்தில் கீறல்களும் உண்டு. 'தோர் இந்த ரூன்களை எழுதினார், புனித ஓலாவ் திருநாள் மாலையில்' என்று ஒருவர் எழுதி வைத்திருக்கிறார். நம் கோயில் மண்டபத் தூணில் பெயர் கீறியவர்களைத் திட்டிக்கொண்டே வளர்ந்தவன் நான். இதைப் படித்தபோது கோபம் வரவில்லை.

1868இல் பக்கத்திலேயே புதிய தேவாலயம் கட்டியதும் பழையது தேவையில்லாமல் போனது. 1877இல் பழஞ்சின்னங்களைக் காக்கும் சங்கம் ஒன்று அதை வாங்கியிராவிட்டால் விறகாகியிருக்கும். அந்தக் காலத்தில் பல மரத்தேவாலயங்கள் அப்படித்தான் போயின.

அங்கிருந்து பழைய ராஜபாட்டைக்கு நடந்து போகலாம். ஒஸ்லோவுக்கும் பெர்கனுக்கும் இடையே வண்டி ஓடும்படி 1790களில் போட்ட முதல் சாலை. வின்ட்ஹெல்லா என்ற இடத்தில் பின்னால் 1840களில் கல்லடுக்கிக் கட்டிய கொண்டை ஊசி வளைவுகள் அப்படியே இருக்கின்றன. சரிவு கடுமை. அந்தக் காலத்தில் வண்டிக்காரர்கள் கூடுதல் குதிரை பூட்டித்தான் ஏற்றினார்கள். பயணிகளுக்குக் குதிரை கொடுப்பது பாதையோர விவசாயிகளின் கட்டாயக் கடமை, அறுவடை நேரமானாலும் விடமாட்டார்கள். பாதையைச் சீர்செய்ததற்கு 2017இல் ஐரோப்பிய மரபுரிமை விருது கிடைத்தது. உங்களுக்கு ஒரு மணி நேரச் சுற்று. அப்பா அம்மாவைக் கோயில் பக்கத்தில் பெஞ்சில் உட்காரவைத்துவிட்டுப் போய் வாருங்கள், மழை பெய்திருந்தால் போகாதீர்கள், கல் வழுக்கும்.

மூன்றாவது நாள் ஃப்லோம். முக்கால் மணி நேரத்தில் போய்விடலாம். ரயில் பயணம், நேரோய் ஃபியோர்டில் படகு எல்லாவற்றையும் பற்றி ஏராளமாக எழுதியிருக்கிறார்கள், நான் சேர்க்க ஒன்றுமில்லை. போகும் வழியைப் பற்றி மட்டும் சொல்கிறேன். இரண்டு வழி உண்டு. ஒன்று லேர்டால் சுரங்கம், 24.5 கிலோமீட்டர், உலகிலேயே மிக நீளமான சாலைச் சுரங்கம். 1995இல் வேலை தொடங்கி 2000 நவம்பர் 27இல் மன்னர் ஐந்தாம் ஹரால்ட் திறந்துவைத்தார். அதற்கு முன் குளிர்காலத்தில் மலைச்சாலை மூடிவிடும், படகுதான் கதி. இருபது நிமிடம் ஒரே மாதிரி பாறையைப் பார்த்துக்கொண்டு ஓட்டினால் தூக்கம் வரும், சிலருக்குப் பயம் வரும். அதனால் மனநல வல்லுநர்களிடம் கேட்டு, மூன்று இடங்களில் குகை மாதிரி அகலமாகக் குடைந்து, நீல வெளிச்சமும் அடியில் மஞ்சள் வெளிச்சமும் வைத்தார்கள். விடிகாலை வானத்துக்குள் நுழைகிற மாதிரி இருக்கும். சுங்கக் கட்டணம் கிடையாது.

இன்னொன்று மலைக்கு மேலே போகும் பழைய சாலை, 'பனிச்சாலை' என்றே பெயர். 1,300 மீட்டர் உயரம் வரை ஏறும். வழக்கமாக ஜூன் தொடக்கத்தில் திறப்பார்கள், சாலையின் இரு பக்கமும் ஆளுயரத்துக்கு மேல் பனிச்சுவர் நிற்கும். இறங்கும் வழியில் ஸ்டேகஸ்டைன் பார்வை மேடை, ஃபியோர்டுக்கு 650 மீட்டர் மேலே அந்தரத்தில் நீட்டிக்கொண்டிருக்கும். போகும்போது மேலே, வரும்போது சுரங்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கிளம்பும் முன் சாலை திறந்திருக்கிறதா என்று விடுதியில் கேட்டுவிடுங்கள். அம்மாவுக்கு மூடிய இடம் ஒத்துக்கொள்ளாது என்றால் இரண்டு தடவையும் மேலேயே போங்கள்.

அப்புறம் சில்லறை விஷயங்கள். ஞாயிற்றுக்கிழமை நார்வேயில் பெரிய கடைகள் திறக்காது, சனிக்கிழமையே அரிசி, பால், தயிர் வாங்கிவிடுங்கள். சமையலறையோடு கூடிய குடில் எடுங்கள். ஹோட்டலில் மூன்று வேளை சாப்பிட்டால் கட்டுபடியாகாது, அதோடு உள்ளூர் உருளைக்கிழங்கில் வீட்டில் ஒரு பொரியல் வைத்துப் பார்க்க வேண்டும் நீங்கள். போர்குண்ட் கோயிலும் சால்மன் அருங்காட்சியகமும் பருவத்தை ஒட்டித்தான் திறக்கும், நேரத்தைப் பார்த்துக்கொண்டு போங்கள்.

அப்பாவுக்குத் தூண்டில் ஆசை உண்டு என்றும் எழுதியிருந்தீர்கள். ஆற்றில் போட வேண்டுமென்றால் அனுமதிச் சீட்டு வேண்டும், அந்த வருட விதிகளை அங்கேயே கேட்க வேண்டும். முக்கியமானது, ஈரத் தூண்டில், ஈர பூட்ஸ் எதையும் வேறோர் ஆற்றிலிருந்து நேராகக் கொண்டுவந்து இந்தத் தண்ணீரில் இறக்கக் கூடாது. முழுக்கக் காய்ந்திருக்க வேண்டும், இல்லையென்றால் கிருமிநீக்கம் செய்ய வேண்டும். யாரும் பார்க்கவில்லை என்றாலும் செய்துவிடுங்கள். அந்தப் புழுவுக்கு ஒரு சொட்டு ஈரம் போதும். அவ்வளவு சிரமம் வேண்டாமென்றால் ஃபியோர்டில் போடச் சொல்லுங்கள். கடலில் கைத்தூண்டிலுக்குச் சீட்டு தேவையில்லை. ஆற்று வாயிலிருந்து நன்றாகத் தள்ளி நிற்க வேண்டும், அவ்வளவுதான்.